தடைக்காலத்துக்கு ஒரு புத்தகம்: வில்சனா, டிவோட்டாவா, ஹாரோவிட்ஸா?

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகள் கடலுக்குப் போகாது. ராமேஸ்வரம், பாம்பன், மண்டபம், தொண்டி என்று இந்தக் கரை முழுக்க மராமத்து வேலை நடக்கும், வலையைச் சரிபார்ப்பார்கள், சாயங்காலத்தில் ஆட்களுக்குக் கொஞ்சம் ஓய்வு கிடைக்கும். எங்கள் வாசிப்பு வட்டம் கனமான புத்தகம் ஒன்றைக் கையில் எடுப்பது இந்த நாட்களில்தான். ஆங்கிலம் சரளமாக வாசிக்கிறவர்கள் அத்தியாயத்தை முன்கூட்டியே படித்து வந்து தமிழில் சொல்வார்கள். மற்றவர்கள் குறுக்கே கேள்வி கேட்பார்கள். சொன்னவருக்குப் பதில் தெரியாவிட்டால் திரும்பப் போய்ப் பக்கத்தைப் புரட்ட வேண்டும். இந்த வருஷம் இலங்கையின் அரசியலைப் படிப்பது என்று முடிவாகிவிட்டது. எந்தப் புத்தகம் என்பதில்தான் இழுபறி. அந்த விவாதத்துக்காக நான் தயார் செய்த ஒப்பீடு இது. இந்தக் கரையில் வேறு ஊர்களிலும் இப்படிக் கூடி வாசிக்கிறவர்கள் உண்டு. அவர்களுக்கும் பயன்படும் என்று முழுதாக எழுதுகிறேன்.

அக்கரைப் பிரச்சினை என்றால் இங்கே பேச்சு 1983-இல் தொடங்கும். படகில் வந்து இறங்கியவர்கள், மண்டபம் முகாம், கடற்படை, பிடிபட்ட படகுகள், கச்சத்தீவு. எல்லாம் நாம் கண்ணால் பார்த்தவை, அல்லது வீட்டில் கேட்டவை. இவை ஒவ்வொன்றுக்கும் பின்னால் கொழும்பில் ஒரு மன்றத்தில் வாக்கெடுத்து நிறைவேற்றிய சட்டமோ, நிறைவேற்றாமல் விட்ட மசோதாவோ இருக்கிறது. 1948-இன் குடியுரிமைச் சட்டமும் 1949-இல் அதைத் தொடர்ந்து வந்த சட்டங்களும் இந்தியாவிலிருந்து தோட்ட வேலைக்குப் போன மலையகத் தமிழர்களின் குடியுரிமையையும் வாக்குரிமையையும் பறித்தன. அதன் தொடர்ச்சியாக வந்ததுதான் 1964 அக்டோபரின் சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம்: 9,75,000 பேரைக் கணக்கில் எடுத்து, 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மீதிப் பேர் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று எழுதிய ஒப்பந்தம். அப்படிக் கப்பலேறி மண்டபம் வழியாக வந்து சேர்ந்தவர்களின் பேரப்பிள்ளைகள் இந்த மாவட்டத்திலேயே இருக்கிறார்கள்.

இன்னும் கிட்டத்து உதாரணம் வேண்டுமானால் 2017. இழுவை மடியால், அதாவது கடலடியை வாரும் வலையால், மீன்பிடிப்பதை இலங்கை அந்த வருஷம் ஜூலையில் சட்டம் போட்டுத் தடை செய்தது. அது அரசாங்கம் கொண்டுவந்த மசோதா கிடையாது. யாழ்ப்பாண மாவட்ட நாடாளுமன்ற உறுப்பினர் எம்.ஏ.சுமந்திரன் தனிநபர் மசோதாவாகக் கொண்டுவந்தார். அவர் இலங்கைத் தமிழரசுக் கட்சிக்காரர். அந்தக் கட்சியை 1949-இல் தொடங்கியவர் எஸ்.ஜே.வி.செல்வநாயகம். நம் படகுகளின் தொழிலை நேரடியாகத் தொடும் ஒரு சட்டம், தந்தை செல்வாவின் கட்சியிலிருந்து, ஒரு தமிழரின் கையால் வந்தது. இதைக் கேட்டு எங்கள் வட்டத்தில் பலர் திகைத்தார்கள். அந்தத் திகைப்பைத் தீர்க்கும் புத்தகம் எதுவோ, அதுதான் எனக்கு முதல் தேர்வு. ஆகவே போர் நினைவுக் குறிப்புகளையும் போராளிகளின் வரலாறுகளையும் இந்த முறை ஒதுக்கிவிட்டேன். நாடாளுமன்றத்தை உற்றுப் பார்க்கக் கற்றுத்தருகிற அரசியல் அறிஞர்களின் நூல்களை மட்டும் எடுத்துக்கொண்டேன்.

மூன்று பேர் தேறினார்கள். ஏ.ஜெயரட்ணம் வில்சன், நீல் டிவோட்டா, டொனால்ட் ஹாரோவிட்ஸ்.

வில்சனைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டும். 1928-இல் பிறந்து 2000-இல் மறைந்தவர். பேராதனையில் அரசியல் அறிவியல் பேராசிரியர், பிறகு கனடாவின் நியூ பிரன்ஸ்விக் பல்கலைக்கழகத்தில் பணி. செல்வநாயகத்தின் மகளை மணந்தவர். 1978 முதல் 1983 வரை ஜனாதிபதி ஜே.ஆர்.ஜயவர்தனவுக்கு அரசியலமைப்பு ஆலோசகராகவும், தமிழர் தலைவர்களுக்கும் அவருக்கும் இடையே தூதராகவும் இருந்தவர். ஒரு வீட்டில் மாமனாரின் காகிதங்கள், இன்னொரு பக்கம் ஜனாதிபதி மாளிகை. இப்படி இரண்டு பக்கமும் கதவு திறந்திருந்த அரசியல் அறிஞர் அந்தத் தீவில் வேறு யாரும் எனக்குத் தெரியவில்லை. அதுவே அவர் பலம். வாசிக்கும்போது எச்சரிக்கையாக இருக்க வேண்டியதும் அதனால்தான்.

அவர் நூல்களில் எங்களுக்குப் பொருந்துகிறவை நான்கைந்து. என் முதல் தேர்வு 1994-இல் வந்த செல்வநாயகம் பற்றிய நூல்: ‘எஸ்.ஜே.வி.செல்வநாயகம் அண்ட் த க்ரைசிஸ் ஆஃப் ஸ்ரீலங்கன் தமிழ் நேஷனலிசம், 1947–1977’. ஒரு மனிதரின் அரசியல் வாழ்க்கையாக எழுதியிருப்பதால் கூட்டத்தில் சொல்வதற்கு வசதி. மலாயாவின் ஈப்போவில் 1898-இல் பிறந்தவர், சிறுவயதிலேயே தெல்லிப்பழைக்கு வந்தவர், கொழும்பில் பேரெடுத்த சிவில் வழக்கறிஞர், கிறிஸ்தவர். உரத்துப் பேச முடியாத உடம்பு. பெரும்பாலும் சைவர்களான ஒரு மக்கள் அவரைத் தந்தை என்று அழைத்தார்கள். கத்தோலிக்கரும் இந்துக்களும் முஸ்லிம்களும் ஒரே துறையில் தொழில் செய்யும் நம் கரையில் இந்த ஒரு விஷயமே ஒரு மாலைப் பொழுதுக்குப் பேசக் காணும்.

இந்த நூலின் உண்மையான செல்வம் ஒப்பந்தங்களின் கதை. 1957 ஜூலையில் பிரதமர் பண்டாரநாயக்காவும் செல்வநாயகமும் கையெழுத்திட்டார்கள்: பிரதேச சபைகள் வரும், நிர்வாகத்தில் தமிழுக்கு இடம் வரும். அக்டோபரில் ஜே.ஆர்.ஜயவர்தன அதை எதிர்த்துக் கண்டிக்கு நடைப்பயணம் புறப்பட்டார். 1958 ஏப்ரலில் பிக்குகள் பிரதமரின் வீட்டு வாசலில் உட்கார்ந்தார்கள், ஒப்பந்தம் கிழிந்தது. 1965 மார்ச்சில், பிரதமராகப் பொறுப்பேற்கவிருந்த டட்லி சேனநாயக்கவுடன் இன்னொரு ஒப்பந்தம். தமிழரசுக் கட்சி ஆட்சியிலும் பங்கேற்றது, மு.திருச்செல்வம் உள்ளூராட்சி அமைச்சரானார். மாவட்ட சபை மசோதா 1968-இல் கைவிடப்பட்டது, கட்சி வெளியேறியது. இரண்டு முறையும் கையெழுத்து விழுந்தது, இரண்டு முறையும் அது சட்டமாக வரவில்லை. ஏன் வரவில்லை என்று கேட்டுப் போகும்போதுதான் சிங்களத் தொகுதிகளில் இரண்டு பெரிய கட்சிகளும் ஒன்றுக்கொன்று மேலே ஏலம் கேட்டதைப் பார்க்கிறோம். ஆட்சியில் இருப்பவர் கொடுக்க நினைத்தால், எதிரில் இருப்பவர் அதைக் காட்டிக்கொடுப்பு என்பார். அடுத்த முறை இடம் மாறும், பேச்சும் மாறும்.

எண்ணிக்கையையும் பக்கத்தில் வைத்துப் படிக்க வேண்டும் என்பது என் ஆசை. 1960 மார்ச் தேர்தலில் ஐக்கிய தேசியக் கட்சிக்கு 50, சுதந்திரக் கட்சிக்கு 46, தமிழரசுக் கட்சிக்கு 15. யாருக்கும் பெரும்பான்மை இல்லை. தமிழரசுக் கட்சி எதிர்த்து வாக்களித்தது, டட்லியின் அரசு ஏப்ரலிலேயே விழுந்தது. 1965-இல் ஐக்கிய தேசியக் கட்சிக்கு 66, தமிழரசுக்கு 14, அதனால்தான் ஒப்பந்தம். 1970-இல் சிறிமாவோவின் ஐக்கிய முன்னணி 151 ஆசனங்களில் 116 பிடித்தது. தமிழரசுக் கட்சியின் 13 பேரை இனி யாரும் கேட்கத் தேவையில்லை. இரண்டே ஆண்டில் புதிய அரசியலமைப்பு வந்தது, சுதந்திரம் பெற்றபோது வந்த சோல்பரி அரசியலமைப்பில் சிறுபான்மையினருக்காக இருந்த 29-ஆம் பிரிவின் பாதுகாப்பு போயிற்று. 1972-இல் செல்வநாயகம் தன் ஆசனத்தை உதறினார். இடைத்தேர்தல் 1975 வரை தள்ளிப்போனது; நின்று வென்றார். 1976 மே மாதம் வட்டுக்கோட்டையில் தனிநாட்டுத் தீர்மானம். இருபது வருஷம் சமஷ்டி (கூட்டாட்சி) கேட்டவர், அதுவும் நாடாளுமன்றத்துக்குள் நின்று கேட்டவர், எப்படி அங்கே வந்து சேர்ந்தார் என்பதை இந்த ஆசனக் கணக்கு இல்லாமல் புரிந்துகொள்ள முடியாது.

வட்டத்தில் ஒரு படகுத் தொழிலாளி என்னிடம் கேட்டார்: “எங்க தாத்தா கண்டியிலேருந்து எதுக்குத் திரும்பி வந்தாருன்னு இதுல இருக்காண்ணே?” இருக்கிறது, ஆனால் போதுமான அளவு இல்லை என்றே பதில் சொன்னேன். மலையகத் தமிழரின் குடியுரிமைப் பறிப்பில்தான் செல்வநாயகத்தின் தனிப்பாதை தொடங்குகிறது. ஜி.ஜி.பொன்னம்பலம் டி.எஸ்.சேனநாயக்கவின் அமைச்சரவையில் சேர்ந்தபோது இவரும் வன்னியசிங்கமும் நாகநாதனும் விலகினார்கள். இந்திய, பாகிஸ்தானியக் குடியிருப்பாளர் மசோதாவை எதிர்த்தார்கள். இன்று அவர்களுக்கு, நாளை நமக்கு என்று அவர் முன்கூட்டியே பார்த்தார். ஆனால் தோட்டத்துக்குள் நடந்தது என்ன, கங்காணிக்குக் கீழே வாழ்ந்தவர்கள் வாக்குச்சீட்டை இழந்தபோது என்ன செய்தார்கள் என்பதெல்லாம் வில்சனின் பார்வைக்குச் சற்று வெளியே நிற்கிறது. அன்றைய ராமநாதபுரம் மாவட்டத்தின் முனைப்புதூரில் பிறந்த சௌமியமூர்த்தி தொண்டமான் 1947-இல் நுவரெலியாவிலிருந்து நாடாளுமன்றம் போனார், 1952 தேர்தலில் அவருடைய மக்கள் வாக்களிக்கவே முடியவில்லை. இந்தக் கதைக்கு வேறு துணை நூல் தேவை.

மாமனாரைப் பற்றி மருமகன் எழுதிய நூல் என்பதையும் முதல் நாளே சொல்லிவிட வேண்டும். பாசம் தெரிகிறது. எதிர்த்தரப்பின் கணக்கைப் புரிந்துகொள்ளும் பொறுமையும் தெரிகிறது. பண்டாரநாயக்காவை வில்லனாக வரைந்துவிடவில்லை. ஆனாலும் தமிழரசுக் கட்சிக்குள்ளிருந்த சாதிப் பிரச்சினை, கட்சியின் தலைமை யாழ்ப்பாணத்துச் சட்டத்தரணிகளிடமே தங்கிப்போனது போன்ற விஷயங்களை நாமே கேள்வியாக எழுப்ப வேண்டியிருக்கும்.

‘த பிரேக்-அப் ஆஃப் ஸ்ரீலங்கா’ 1988-இல் வந்தது. வேகமான நூல். கோபம் கொப்புளிக்காவிட்டாலும் ஏமாற்றம் ஒவ்வொரு பக்கத்திலும் இருக்கிறது, ஏனென்றால் தூது போனவரே எழுதியது. மாவட்ட அபிவிருத்தி சபைகள் என்ற யோசனை எப்படி உருவாயிற்று, எப்படிச் சத்தற்றுப் போயிற்று என்பதை உள்ளேயிருந்து பார்த்தவர் சொல்கிறார். அந்தச் சபைகளுக்கான தேர்தல் 1981 ஜூன் முதல் வாரத்தில் யாழ்ப்பாணத்தில் நடந்தது. அதற்குச் சில நாள் முன்பு, மே 31 இரவில், யாழ் பொது நூலகம் எரிக்கப்பட்டது. ஏறத்தாழ 97,000 நூல்கள். ஒரு தேர்தலுக்கும் ஒரு நூலகத்தின் சாம்பலுக்கும் இவ்வளவு குறைந்த இடைவெளி என்பதை வட்டத்தின் இளைஞர்கள் முதன்முறையாகக் கேட்கும்போது நான் அந்த அறையில் இருக்க விரும்புகிறேன். ஒரே மூச்சில் ஒரு நூலை மட்டும் படித்து முடிக்க நினைக்கும் தனி வாசகருக்கு இதையே முதலில் சொல்வேன். வட்டமாகப் படிக்கும்போது இது கொஞ்சம் அவசரமாகப் போகிறது. ஒவ்வொரு சம்பவத்துக்கும் முன்கதை தெரிந்திருக்க வேண்டும்.

2000-இல் வந்த ‘ஸ்ரீலங்கன் தமிழ் நேஷனலிசம்’ ஆறுமுக நாவலர் காலத்திலிருந்து தொடங்குகிறது. இராமநாதன், அருணாசலம், சிங்களருக்குப் பாதி ஆசனம், மற்ற இனத்தவருக்குப் பாதி என்ற பொன்னம்பலத்தின் ஐம்பதுக்கு ஐம்பது கோரிக்கை என்று போகிறது. இரண்டாம் வருஷத்துக்கு நல்ல நூல். முதல் வருஷத்துக்குப் பெயர்கள் அதிகம். இதற்கு மேல் இங்கே சொல்ல ஒன்றுமில்லை.

ஆனால் ‘த காலிஸ்ட் சிஸ்டம் இன் ஏசியா’ என்ற 1980-ஆம் ஆண்டு நூலை யாரும் கவனிப்பதில்லை; எனக்கு அதில் தனி அக்கறை உண்டு. 1978 அரசியலமைப்பை, பிரான்சில் டி கோல் கொண்டுவந்த முறையோடு வைத்துப் பார்க்கும் நூல். நாடு முழுக்க வாக்குக் கேட்டு வரும் நிறைவேற்று அதிகார ஜனாதிபதி, மாவட்டவாரியான விகிதாசாரத் தேர்தல், கட்சி நீக்கினால் ஆசனமும் போகும் என்ற விதி. இவை நாடாளுமன்றத்தின் முதுகெலும்பை எப்படி மாற்றின என்பதற்கு இதைவிட நேரான அறிமுகம் இல்லை. உலகமயத்தைப் பற்றித் தனி அத்தியாயம் தேடுகிறவர்களுக்கும் மறைமுகமாகப் பதில் இதில்தான் கிடைக்கும். 1977-இல் ஐக்கிய தேசியக் கட்சி பாதி வாக்கைக் கொஞ்சம் தாண்டி வாங்கி 168-இல் 140 ஆசனங்களைப் பிடித்தது, திறந்த பொருளாதாரத்தைக் கொண்டுவந்தது. கட்டுநாயக்கவில் சுதந்திர வர்த்தக வலயம், வெளிநாட்டு முதலீடு. நாடாளுமன்றத்தின் அன்றாட நெருக்கடிக்கு அசையாத ஒரு நிர்வாகத் தலைமை இல்லாமல் இதெல்லாம் நடக்காது என்பது ஜயவர்தன 1960-களிலேயே பேசி வந்த வாதம். உலகச் சந்தைக்குக் கதவைத் திறந்த கையே சட்டசபையின் கையைக் கட்டியது. இதை இந்தியாவிலும் யோசிக்க நிறைய இருக்கிறது.

அந்த நூலில் ஒரு நம்பிக்கையும் இருக்கிறது. ஜனாதிபதியாக வர நினைப்பவர் தீவு முழுக்க வாக்குத் தேட வேண்டும், ஆகவே தமிழரையும் முஸ்லிமையும் ஒதுக்க முடியாது என்ற எதிர்பார்ப்பு. எழுதியபோது வில்சன் ஜயவர்தனவின் ஆலோசகர். 1982 டிசம்பரில் பொதுத்தேர்தலே வேண்டாம் என்று சர்வசன வாக்கெடுப்பு வைத்து, 1977-இல் தேர்ந்த நாடாளுமன்றத்தின் ஆயுளை இன்னும் ஆறு வருஷத்துக்கு நீட்டினார்கள். 1983 ஆகஸ்டில் ஆறாவது திருத்தம் வந்தது. தனிநாட்டுக் கொள்கையைக் கைவிட்டுச் சத்தியம் செய்ய மறுத்த, தமிழரசுக் கட்சியும் சேர்ந்து அமைத்த தமிழர் விடுதலைக் கூட்டணியின் உறுப்பினர்கள் ஆசனம் இழந்தார்கள். அவர்களில் ஒருவரான அமிர்தலிங்கம் அதுவரை எதிர்க்கட்சித் தலைவர். வாக்குப் பெட்டியால் வந்த தமிழ்க் குரல் அந்த மன்றத்தில் இல்லாமல் போயிற்று; மண்டபத்தில் படகுகள் வந்து இறங்கத் தொடங்கியதும் அதே காலம். 1980 நூலையும் 1988 நூலையும் அடுத்தடுத்து வைத்தால் ஒரே மனிதரின் எட்டு வருஷ மாற்றம் தெரியும். இந்த இரண்டையும் இணைத்துப் படிக்கும் வாய்ப்புக்காகவே வில்சனை மற்றவர்களுக்கு முன்னே வைக்கிறேன்.

நீல் டிவோட்டாவின் ‘ப்ளோபேக்’ 2004-இல் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழக வெளியீடு. இலங்கையில் பிறந்து அமெரிக்காவில் பணியாற்றும் அரசியல் அறிஞர். ஒரே வாதம், அதைக் கெட்டியாகப் பிடித்திருக்கிறார்: சிங்களத்தை மட்டும் ஆட்சிமொழியாக்கிய 1956-இன் தனிச் சிங்களச் சட்டம் மொழியைப் பற்றியது மட்டும் இல்லை. கட்சிகளின் ஏலப்போட்டி அரசு நிறுவனங்களின் நடுநிலையைத் தின்றது. அரசு வேலை, பல்கலைக்கழக அனுமதி, நிலக் குடியேற்றம், போலீஸ் எல்லாம் ஒரு பக்கம் சாய்ந்தபோது, அந்த நிறுவனங்களிடம் நியாயம் கேட்டுப் பயனில்லை என்ற முடிவுக்கு ஒரு தலைமுறை வந்தது. வாதம் தெளிவு, நூலும் மிதமான அளவு. கல்லூரியில் அரசியல் அறிவியல் படிக்கும் பிள்ளைகளுக்கு இதையே கொடுப்பேன், பரீட்சைக்கும் உதவும். எங்கள் வட்டத்துக்கு இதில் ஒரு குறை உண்டு: மனிதர்கள் குறைவு. அத்தியாயத்தைச் சொல்லி முடித்ததும் யாரும் அதைப் பற்றித் தெருவில் நின்று பேசிக்கொண்டிருக்க மாட்டார்கள். மாறாக, வில்சனைவிட எட்டி நின்று பார்க்கிறார் என்பது இதன் பெரிய பலம். வில்சனின் பாசம் நம்மைக் கொஞ்சம் சாய்த்துவிட்டதோ என்று சந்தேகம் வரும்போது சரிபார்க்க இதுதான் கருவி.

மண்டபம் முகாமில் வளர்ந்து இன்று ஆசிரியையாக இருக்கும் அக்கா ஒருவர் டிவோட்டாவுக்காக வாதாடினார். “செல்வா ஐயாவைப் பற்றி வீட்டில நிறையக் கேட்டிட்டன். சிங்களச் சனம் ஏன் அப்படி வாக்குப் போட்டதெண்டு ஒருத்தரும் எனக்குச் சொல்லேல்லை” என்றார். நியாயமான கேள்வி. அவருடைய குடும்பத்துக்கு இந்திய நாடாளுமன்றத்தின் மீதும் ஒரு கேள்வி இருக்கிறது: 2019-இன் குடியுரிமைத் திருத்தச் சட்டம் பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் என்று மூன்று நாடுகளைச் சொன்னது, இலங்கை அதில் இல்லை. குடியுரிமை ஒரு மன்றத்தின் வாக்கால் கிடைக்கிறது அல்லது கிடைக்காமல் போகிறது என்பதை எங்களில் யாரையும்விட அவர் நன்றாக அறிவார். அவருக்காகவே டிவோட்டாவின் 1956 பற்றிய பகுதியைத் திட்டத்தில் சேர்த்திருக்கிறேன்.

ஹாரோவிட்ஸின் ‘எத்னிக் குரூப்ஸ் இன் கான்ஃப்ளிக்ட்’ 1985-இல் வந்தது, ஏறத்தாழ 700 பக்கம். டியூக் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராக இருந்தவர். இலங்கை, மலேசியா, நைஜீரியா, கயானா, டிரினிடாட் என்று ஆசியா, ஆப்பிரிக்கா, கரீபியன் முழுக்கச் சுற்றி வருகிறார். இனக் கட்சிகள் எப்படித் தோன்றுகின்றன, எந்தத் தேர்தல் விதி ஆட்களைச் சேர்த்து வைக்கிறது, எது பிரித்து வைக்கிறது என்பதற்கு இந்தத் துறையில் இன்றும் எல்லோரும் திரும்பிப் போகிற நூல். இலங்கையையும் மலேசியாவையும் அருகருகே வைக்கும் இடங்கள் எங்களுக்கு மிகவும் தேவை. தொடக்கத்தில் மலேசியாவின் நிலைமைதான் மோசமாகத் தோன்றியது; ஆனால் அங்கே மலாய், சீன, இந்தியக் கட்சிகள் தேர்தலுக்கு முன்பே ஒரே கூட்டணிக்குள் வந்து ஒருவர் தொகுதியில் மற்றவர் வாக்கை நம்ப வேண்டியிருந்தது. இலங்கையில் பெரும்பாலான தொகுதிகளில் சிங்கள வேட்பாளருக்குத் தமிழ் வாக்கே தேவைப்படவில்லை. கீழக்கரையிலும் தொண்டியிலும் மலேசியாவில் சொந்தபந்தம் உள்ள வீடுகள் ஏராளம், ஆகவே இந்த ஒப்பீடு இங்கே உடனே பிடித்துக்கொள்ளும்.

1978-இல் வந்த ஜனாதிபதித் தேர்தல் முறையில் வாக்காளர் இரண்டாவது, மூன்றாவது விருப்பத்தையும் குறிக்கலாம். முதல் எண்ணிக்கையில் பாதியைத் தாண்டாவிட்டால் அந்த விருப்ப வாக்குகள் எண்ணப்படும். சிறுபான்மையினரின் இரண்டாவது விருப்பத்துக்காகப் பெரும்பான்மை வேட்பாளர் நிதானமாகப் பேச வேண்டிவரும் என்று ஹாரோவிட்ஸ் இந்த முறையில் நல்ல வாய்ப்பைக் கண்டார். நாற்பது வருஷத்துக்கு மேல் அந்த இரண்டாவது எண்ணிக்கைக்குத் தேவையே வரவில்லை. 2024 செப்டம்பரில்தான் முதன்முறையாக வந்தது: அநுர குமார திசாநாயக்க முதல் எண்ணிக்கையில் சுமார் 42 சதவீதத்தில் நின்றார், விருப்ப வாக்குகளை எண்ணி வெற்றி அறிவித்தார்கள். அதே நவம்பரில் அவருடைய தேசிய மக்கள் சக்தி 225-இல் 159 ஆசனங்களைப் பிடித்தது, யாழ்ப்பாண மாவட்டத்தின் ஆறில் மூன்று உட்பட. செல்வநாயகத்தின் மண்ணில் கொழும்புக் கட்சி ஒன்று முதலிடம். ஹாரோவிட்ஸைப் படித்த பிறகு இந்தச் செய்தியைப் படிப்பதற்கும் படிக்காமல் படிப்பதற்கும் பெரிய வித்தியாசம் இருக்கிறது. ஆனால் 700 பக்கத்தை 61 நாளில் ஒரு வட்டம் சுமக்க முடியாது. சில பகுதிகளைப் பெயர்த்தெடுத்துப் படிப்பதே வழி.

மூன்று பேரிடமும் கிடைக்காதவை இரண்டு. ஒன்று முஸ்லிம்களின் தனிக்குரல். தமிழ் பேசும் மக்கள் அனைவரும் ஒரே அணி என்று செல்வநாயகம் கட்டிய கனவில் கிழக்கு முஸ்லிம்களும் இருந்தார்கள். 1956-இல் அவர் கட்சியில் வென்ற முஸ்லிம் உறுப்பினர்கள் சீக்கிரமே அரசுப் பக்கம் போனார்கள். 1990 அக்டோபரில் வடக்கு முஸ்லிம்கள் அத்தனை பேரையும் விடுதலைப் புலிகள் வெளியேற்றினார்கள். மன்னார்க்காரர்களும் அதில் உண்டு, மன்னார் நமக்கு எதிர்க்கரை. கீழக்கரைக் காக்கா (அங்கே முஸ்லிம்கள் அண்ணனை அழைக்கும் சொல்) ஒருவர் இதைக் கேட்டு, “அந்தப் பக்கத்தைச் சொல்லாம நாம எப்படிப் படிச்சு முடிச்சோம்னு சொல்றது?” என்றார். அவர் சொல்வது சரி. மானுடவியலாளர் டெனிஸ் மெக்கில்வ்ரேயின் ‘க்ரூசிபிள் ஆஃப் கான்ஃப்ளிக்ட்’ (2008) கிழக்குக் கரையின் தமிழ், முஸ்லிம் வாழ்க்கையைப் பற்றியது. அதிலிருந்து ஒரு பகுதியை அவரே எடுத்துச் சொல்வதாக ஏற்றுக்கொண்டிருக்கிறார்.

இரண்டாவது, கடல். இறால் ஏற்றுமதி வந்து விசைப்படகு பெருகி, உலகச் சந்தையின் விலை நம் துறைமுகத்தில் தினம் தீர்மானமாகும் நிலை வந்தது. போர்க்காலத்தில் அக்கரை மீனவர் கடலுக்குள் இறங்க முடியவில்லை. 2009-க்குப் பிறகு இறங்கினார்கள், நம் இழுவை மடி அவர்கள் வலையை அறுத்துக்கொண்டு போவதைப் பார்த்தார்கள். 1974-இலும் 1976-இலும் இரண்டு தலைநகரங்கள் எல்லைக்கோடு போட்டன. நம் சட்டமன்றம் 1974-இல் எதிர்த்துத் தீர்மானம் போட்டது, 2025 ஏப்ரலிலும் கச்சத்தீவைக் கேட்டுப் போட்டது. சுமந்திரனின் மசோதாவுக்குப் பின்னால் இருப்பது அந்த அறுந்த வலைகள். இதைச் செல்வநாயகம் நூலில் தேடினால் கிடைக்காது. ஆனால் ஒரு சிறு கட்சி பெரிய மன்றத்துக்குள் நின்று தன் மக்களுக்காகச் சட்டம் கொண்டுவர எத்தனை வருஷம் தோற்றது என்று அதில் படித்தவருக்கு, 2017-இல் அதே கட்சிக்காரர் வென்ற ஒரு சட்டத்தை வெறும் பகையாகப் பார்க்க மனம் வராது. எதிர்த்து வாதாடலாம், அது நம் உரிமை. யாருக்காக வந்த சட்டம் என்று தெரிந்துகொண்டு வாதாடலாம்.

ஆகவே என் பரிந்துரை. முதல் ஐந்து வாரம் வில்சனின் செல்வநாயகம் நூல், 1947 முதல் 1977 வரை தேர்தல் வாரியாக ஆசனக் கணக்கைப் பலகையில் எழுதிக்கொண்டு. நடுவே 1956 வரும்போது டிவோட்டா. ஆறாம் வாரம் ‘காலிஸ்ட் சிஸ்டம்’ நூலிலிருந்து 1978 அரசியலமைப்பு, ஏழாம் வாரம் ‘பிரேக்-அப்’ நூலிலிருந்து 1981, 1982, 1983. எட்டாம் வாரம் ஹாரோவிட்ஸின் மலேசிய ஒப்பீடு, கூடவே காக்காவின் பகுதி. 1980 நூலின் பிரதி கடையில் கிடைப்பது கடினம்; பல்கலைக்கழக நூலகத்தில் உறுப்பினராக இருப்பவர் இப்போதே கேட்டு வைக்க வேண்டும். வட்டம் இல்லாமல் தனியாகப் படிக்கிறவர் ‘பிரேக்-அப்’ நூலில் தொடங்கட்டும். சட்டம் படிக்கிறவர் ‘காலிஸ்ட் சிஸ்டம்’. அரசியல் அறிவியல் மாணவர் டிவோட்டா. மலையகத்திலிருந்து திரும்பி வந்த குடும்பத்தினர் யாராவது வட்டத்தில் இருந்தால், 1948, 1949 சட்டங்கள் வரும் முதல் வாரத்தில் அவர்கள் வீட்டில் இருக்கும் பழைய கடவுச்சீட்டையும் குடும்ப அட்டையையும் எடுத்துவரச் சொல்லுங்கள். அந்த அத்தியாயத்தை அவர்கள் சொல்லட்டும், ஆங்கிலம் வாசிக்கிறவர் பக்கத்தில் உட்கார்ந்து உதவட்டும்.